நாலரை அடி பிலிம்

சென்ற பொங்கல் விழாவின் இரண்டாம் நாள் மாலை நம் சங்கத்து மண்டபத்தில் பழைய தமிழ்ப் படம் ஒன்று திரையிடப்பட்டதை நேயர்கள் மறந்திருக்க மாட்டார்கள். திரையில் பெயர்கள் வந்துகொண்டிருந்தபோது பலர் நாற்காலி தேடிக்கொண்டிருந்தனர். சிலர் சுண்டல் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டிருந்தனர். வாசலை அடைத்து நின்ற மோட்டார் சைக்கிளை எடுக்கும்படி நம் செயலாளர் ஒலிபெருக்கியில் கெஞ்சிக்கொண்டிருந்தார். கடைசி வரிசையில், எட்டு வயது மகளை அருகே நிறுத்திக்கொண்டு, நான் ஒருவன் மட்டும் கண்ணிமைக்காமல் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"தயாரிப்பு நிர்வாகம்" என்ற தலைப்பின் கீழ் நான்கு பெயர்கள் வந்தன. மூன்றாவது பெயர் என் தகப்பனாருடையது. "இதோ, தாத்தா!" என்று நான் விரலை நீட்டுவதற்குள் அந்த அட்டை மறைந்து அடுத்த அட்டை வந்துவிட்டது. "எங்கேப்பா?" என்றாள் குழந்தை. "போய்விட்டதம்மா" என்றேன்.

ரெயில்வே குமாஸ்தாவால் கணக்குப் போடாமல் இருக்க முடியாது. 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 படங்கள். வினாடிக்கு 24 படங்கள் ஓடும். ஆகவே வினாடிக்கு ஒன்றரை அடி. அந்த அட்டை நின்றது மூன்று வினாடி. 1971 முதல் 2006 வரை 35 ஆண்டுகள் சினிமாவில் உழைத்த மனிதருக்கு, அன்று எங்கள் கண்ணெதிரே கிடைத்த இடம் நாலரை அடி பிலிம். அதையும் வேறு மூவரோடு பங்கிட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. படம் நல்ல படமா என்ற விசாரணையில் நான் இறங்கப் போவதில்லை. அதைப் பார்த்தவர்கள் அறிவார்கள்.

"என் தகப்பனார் சினிமாவில் இருந்தார்" என்று நான் சொன்னால் கேட்பவர் முகம் உடனே மலரும். "நடிகரோ?" என்பார். இல்லை. "டைரக்டரோ?" அதுவும் இல்லை. "புரொடக்ஷன் மானேஜர்" என்றதும் பேச்சு பம்பாய் மழையைப் பற்றித் திரும்பிவிடும். அந்த உத்தியோகம் இன்னதென்று அறியாத குற்றம் கேட்பவருடையதன்று. பதினைந்து வயது வரை அவருடைய வீட்டிலேயே வளர்ந்த எனக்கும் அது தெரியாது. விடியுமுன் போவார், நள்ளிரவு தாண்டி வருவார், சட்டைப் பையில் இரண்டு பேனாக்களும் கையில் நீளமான கணக்கு நோட்டும் இருக்கும். நான் அறிந்தது இவ்வளவே.

புதுக்கோட்டைப் பக்கத்துச் சிற்றூரிலிருந்து அவர் 1971-இல் கோடம்பாக்கம் வந்து சேர்ந்தபோது கிடைத்த வேலை "புரொடக்ஷன் பையன்" வேலை. தேநீர், குடிநீர், வெற்றிலை, சிகரெட் ஆகியவற்றை வேண்டியவர் கையில் வேண்டிய நேரத்தில் கொண்டுபோய்க் கொடுப்பது அது. இங்கே ஹிந்திப் படங்களில் "ஸ்பாட் பாய்" என்கிறார்களே, ஏறக்குறைய அதேதான். யார் சர்க்கரை போட்டுக் குடிப்பவர், யார் போடாமல் குடிப்பவர் என்பதை மறக்காமல் இருந்ததால்தான் தமக்கு உத்தியோக உயர்வு வந்தது என்று அவர் சொல்வது வழக்கம். அது வேடிக்கைப் பேச்சன்று என்பது பின்னால் எனக்குப் புரிந்தது. பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பின் அவர் மானேஜரானார்.

மானேஜரின் வேலை யாது? கதையை ஒருவர் எழுதித் தருகிறார். மானேஜர் அதை வாங்கி முதலில் துண்டு துண்டாகக் கிழிக்கிறார். எந்தக் காட்சி எந்த இடத்தில் நடக்கிறது, அதில் யார் யார் வருகிறார்கள், பகலா இரவா, மாடு வேண்டுமா, மழை வேண்டுமா என்று தனித்தனியே எழுதிக்கொள்கிறார். பிறகு கதையின் வரிசையை அடியோடு மறந்துவிட்டு, இடத்தின் வரிசையிலும், நடிகர் கொடுத்த கால்ஷீட்டின் வரிசையிலும் திரும்பக் கோக்கிறார். ஒரு கதாநாயகன் சிறு வயதில் ஊர் ஸ்டேஷனிலிருந்து ரெயிலேறிப் போகிறான், பணக்காரனாகத் திரும்பி வந்து இறங்குகிறான், கடைசியில் அதே பிளாட்பாரத்தில் உயிரை விடுகிறான் என்று வைத்துக்கொள்வோம். ஸ்டேஷனுக்கு அனுமதி ஒரு நாளைக்குத்தான் என்றால், மூன்றையும் ஒரே பகலில் எடுத்தாக வேண்டும். பத்து மணிக்குச் சிறுவன் போவான். பன்னிரண்டு மணிக்குப் பணக்காரன் வருவான். பிற்பகலில் அவன் சாவான். "கதை வரிசையில் படம் எடுப்பவன் கடன் வரிசையில் நிற்பான்" என்பார் என் தகப்பனார்.

பிலிம் சுருள் இருந்த காலத்தில் அடிக்கணக்கும் அவர் தலையில்தான். ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிஷத்துக்குச் சற்று மேல் ஓடும். இரண்டரை மணி நேரப் படத்துக்குத் திரையில் வேண்டியது 13,500 அடி. அதற்காக எடுத்து வீணாவதோ பல மடங்கு. டைரக்டர் ஏழாவது தடவை "இன்னொரு டேக்" என்னும்போது என் தகப்பனார் முகத்தைத் திருப்பிக்கொண்டு பென்சிலால் குறித்துக்கொள்வாராம். இப்போது மின்னணுக் காமிரா வந்து அடிக்கணக்கு போய்விட்டது. சாப்பாட்டுக் கணக்கு போகவில்லை.

அவருக்கு முந்திய தலைமுறை மானேஜர்களுக்கு வேலை வேறு மாதிரி இருந்தது என்று அவரே சொல்லக் கேட்டிருக்கிறேன். வாசனின் ஜெமினி, நாகி ரெட்டியின் வாகினி, மெய்யப்பச் செட்டியாரின் ஏ.வி.எம். முதலிய ஸ்டூடியோக்கள் கோலோச்சிய நாளில் தச்சர், வர்ணக்காரர், தையற்காரர், சமையற்காரர் எல்லோரும் ஒரே மதிலுக்குள் இருந்தார்கள். ஆணி வேண்டுமென்றால் ஆள் அனுப்பினால் போதும். 1977-இல் பாரதிராஜாவின் "16 வயதினிலே" வந்து வெற்றி பெற்றதும் காமிரா கிராமத்துக்குப் புறப்பட்டது. மதிலுக்குள் இருந்ததையெல்லாம் லாரியிலும் வேனிலும் ஏற்றிக்கொண்டு மானேஜரும் புறப்பட வேண்டியதாயிற்று. ஆற்றங்கரையில் நூறு பேருக்கு இட்டிலி அவிக்க வேண்டும். ஊர்ப் பெரியவர்களிடம் கோயில் வாசலைக் கேட்க வேண்டும். ஜெனரேட்டர் வேனுக்கு டீசல் வாங்க வேண்டும். லாட்ஜில் அறை போதாதபோது யாரை யாரோடு படுக்க வைத்தால் சண்டை வராது என்று யோசிக்க வேண்டும். ஜெமினி இருந்த இடத்தில் பின்னாளில் ஹோட்டல் வந்தது. வாகினி இருந்த இடத்தில் ஆஸ்பத்திரியும் அங்காடி மாளிகையும் வந்தன. படமெடுப்பவர்கள் மட்டும் ஊர் ஊராகப் போய்க்கொண்டே இருக்கிறார்கள்.

ரெயில்வேக்காரன் என்ற முறையில் எனக்கு மிகவும் பிடித்த சினிமாச் செய்தி ஒன்றைச் சொல்லுகிறேன். சத்யஜித் ராய் "பதேர் பாஞ்சாலி" படத்தின் முதல் காட்சியை எடுக்கத் தொடங்கியது 1952 அக்டோபர் 27-ஆம் நாள். அண்ணனைத் தொலைத்த தங்கை போல், அக்காளைத் தேடி ஒரு சிறுவன் நாணற்பூக் காட்டில் அலையும் காட்சி அது. விளம்பரக் கம்பெனி உத்தியோகத்தில் இருந்த ராய், ஓய்வு நாள் பார்த்துத்தான் படமெடுக்க முடிந்தது. பாதிக் காட்சியை எடுத்து முடித்து, மறு வாரம் போய்ப் பார்த்தால் வெண்மையாகப் பூத்திருந்த நாணல் முழுவதையும் மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன! மறுபடி பூக்கும் வரை காத்திருந்தார்கள். அது மட்டுமன்று. பூக்களின் வெண்மைக்கு எதிரே எஞ்சினின் புகை கரிய நிறமாக வர வேண்டுமென்பது ராயின் விருப்பம். அதற்காகக் குழுவைச் சேர்ந்த ஒருவர் முந்திய ஸ்டேஷனிலேயே எஞ்சினில் ஏறிக்கொண்டு, காமிரா இருக்கும் இடம் நெருங்கியதும் அடுப்பில் நிலக்கரியைக் கொட்டச் செய்தாராம். 1955-இல் படம் வெளிவந்தது. உலகமெங்கும் அந்தப் புகையைப் பாராட்டினார்கள். எஞ்சினுக்குள் வியர்த்து நின்றவரைத் திரையில் யாரும் பார்க்க முடியாது. அந்தப் படத்தின் தயாரிப்புப் பொறுப்பை ஏற்றிருந்த அநில் சௌதுரி பின்னாளிலும் ராயுடனேயே இருந்து அவருடைய படங்களுக்கு அதே வேலையைச் செய்தார்.

நம்மூர்ப் பக்கமாகவே இன்னொன்றும் உண்டு. 1975-இல் வெளிவந்த "ஷோலே" படத்தின் ரெயில் கொள்ளைக் காட்சியை நாம் எல்லோரும் வாய் பிளந்து பார்த்திருக்கிறோம். பன்வேல் பக்கத்தில் இருப்புப்பாதையில் அதை எடுக்க ஏழு வாரங்கள் ஆயின. படத்தின் கிராமத்தையோ பெங்களூருக்கு அப்பால் ராமநகரத்துப் பாறைகளுக்கிடையே எழுப்பினார்கள். நெடுஞ்சாலையிலிருந்து அவ்விடத்துக்குப் போகப் பாதையும் போட வேண்டியிருந்தது. ஏழு வாரம் என்று படித்தபோது எனக்குக் கதாநாயகர்களின் வீரம் நினைவுக்கு வரவில்லை. ஏழு வாரமும் பாதை கேட்டுக் காரியாலயம் காரியாலயமாக நடந்தவருடைய செருப்பே நினைவுக்கு வந்தது. அவர் எதிரே நாற்காலியில் உட்கார்ந்திருந்த என்னைப் போன்ற குமாஸ்தாவையும் நினைத்துக்கொண்டேன்.

நிற்க. நான் ஏன் பத்தாம் வகுப்போடு நின்றேன் என்பதை இப்போது சொல்ல வேண்டும்.

2004-ஆம் ஆண்டு. பத்தாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் பெற்றுப் பாலிடெக்னிக்கில் மெக்கானிக்கல் பிரிவில் எனக்கு இடம் கிடைத்திருந்தது. தபாலாபீசில் என் பெயரில் அதற்கென்று பணமும் இருந்தது. தகப்பனார் அப்போது, சினிமாக்காரர்கள் சின்னக் கோடம்பாக்கம் என்று செல்லமாக அழைக்கும் கோபிசெட்டிபாளையத்தில் ஒரு படத்துக்காகத் தங்கியிருந்தார். அவருக்கு ஒரு விரதம் இருந்தது. அன்றைய பேட்டாவை அன்றே கொடுத்துவிட்டுத்தான் படுப்பார். பேட்டா என்பது சம்பளம் அன்று. வெளியூரில் வேலை செய்பவனுக்கு அன்றன்று கையில் கொடுக்க வேண்டிய படி. லைட்மேன், சமையற்காரர், வேன் டிரைவர் ஆகியோருக்கு அதுதான் உண்மையான வருமானம். சம்பளம் படம் முடிந்து வரும்; சில சமயம் வராது.

அந்தப் படத்தில் கடைசி நான்கு நாட்கள் பேட்டா கொடுக்கப்படவில்லை. முதலாளி, பணம் கொண்டுவருவதாகச் சொல்லிச் சென்னைக்குப் போனார். போனவர் போனவர்தாம். தொலைபேசி அணைந்துகிடந்தது. அறுபத்திரண்டு தொழிலாளர்கள், லாட்ஜுக்காரர், அரிசிக்கடைக்காரர், வேன்காரர்கள் ஆகிய எல்லோரும் என் தகப்பனார் அறை வாசலில் நின்றார்கள். அவர் இரவுப் பஸ்ஸில் வீட்டுக்கு வந்தார். காலை ஆறு மணிக்கு என் தாயாரும் அவரும் அடுக்களையில் பேசிக்கொண்டது திண்ணையில் படுத்திருந்த எனக்குக் கேட்டது. ஒன்பது மணிக்குத் தாயாரின் இரட்டைவடச் சங்கிலி அடகுக்கடைக்குப் போயிற்று. பத்து மணிக்குத் தபாலாபீசில் என் கணக்கு மூடப்பட்டது. அன்றிரவே அவர் திரும்பிப் போய் எல்லோருக்கும் பைசல் செய்து அவர்களை ஊர் சேர்த்தார்.

மறு வாரம் நான் தியாகராய நகரில் ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலைக்குச் சேர்ந்தேன்.

அவரிடம் ஒரு தடவை கேட்டேன். "உங்கள் கடனா அது? முதலாளி ஓடினால் நீங்கள் ஏன் கட்ட வேண்டும்?" அவர் கோபிக்கவில்லை. "வேலைக்குக் கூப்பிட்டவன் நான். கையை நீட்டிக்கொண்டு நின்றவன் என்னைப் பார்த்துத்தான் நின்றான்" என்றார். தாயார் சொன்ன காரணம் இன்னும் பச்சையானது. "அவர்கள் வயிறெரிந்தால் நாம் சாலிகிராமத்தில் தலை நிமிர்ந்து காய்கறி வாங்க முடியுமா?" என்றாள். என் தகப்பனாரைத் தியாகி ஆக்குவது என் நோக்கமன்று. சொல் தவறாதவர் என்ற பெயர்தான் அந்தத் தொழிலில் ஒரு மானேஜருடைய முதல். அது போனால் அடுத்த படத்துக்கு ஓர் ஆளும் வேனில் ஏற மாட்டான். அவருக்கு அந்தக் கணக்கும் இருந்தது. ஆனால் அந்தக் கணக்கில் என் மூன்றாண்டுப் படிப்பு செலவாக எழுதப்பட்டது. அதை நான் வெகு காலம் மன்னிக்கவில்லை. 2010-இல் ரெயில்வேத் தேர்வெழுதிக் கமர்ஷியல் கிளார்க்காக இங்கே வேலை கிடைத்தபோது, சென்னையைவிட்டுத் தொலைவாயிற்றே என்று எல்லோரும் வருந்தினார்கள். நான் வருந்தவில்லை.

அந்தப் படம் முடியவே இல்லை. கொடுத்த பணமும் திரும்பவில்லை. தகப்பனாரின் கணக்கு நோட்டில் அந்தப் பக்கத்தைப் பிற்பாடு பார்த்தேன். அறுபத்திரண்டு பெயர்கள், தொகை, எதிரே கையெழுத்து அல்லது பெருவிரல் ரேகை. அறுபத்துமூன்றாவதாக அவருடைய பெயர். அதன் எதிரே ஒரு கோடு.

இனி 2019-க்கு வருகிறேன். கவுண்டரில் பல ஆண்டு டிக்கெட் கொடுத்த பிறகு அப்போது நான் கோட்டக் காரியாலயத்துக்கு மாற்றப்பட்டிருந்தேன். டிசம்பர் மாதத்தில் ஹிந்திப் படக் கம்பெனி ஒன்று எங்கள் யார்டு ஒன்றில் ஓர் இரவு படமெடுக்க அனுமதி பெற்றது. ரெயில்வே இடத்தில் படமெடுப்பது எளிதன்று. எடுக்கப்போகும் காட்சியை எழுதிக் கொடுக்க வேண்டும். கட்டணம் கட்ட வேண்டும். பிணைத்தொகை வைக்க வேண்டும். இன்ஷூரன்ஸ் எடுத்திருக்க வேண்டும். பெட்டியும் எஞ்சினும் வேண்டுமென்றால் அதற்குத் தனிக் கணக்கு. எல்லாவற்றிற்கும் மேலாகத் தலைக்கு மேலே 25,000 வோல்ட் மின்கம்பி ஓடுகிறது. அதன் அருகே விளக்குக் கம்பமோ கிரேனோ போக வேண்டுமென்றால், குறித்த நேரத்துக்கு மின்சாரத்தை நிறுத்தி வைக்க வேண்டும். அதைப் "பவர் பிளாக்" என்போம். அன்றைக்குக் கிடைத்தது நள்ளிரவு 12.30 முதல் 3.30 வரை. வணிகப் பிரிவின் சார்பில் நேரம் குறித்துக்கொள்ள நான் அனுப்பப்பட்டேன். சினிமாக்காரர் என்றாலே எனக்குள் ஒரு கசப்பு உண்டாதலால், முகத்தைச் சற்று இறுக்கமாகவே வைத்துக்கொண்டு போனேன்.

மானேஜர் மராத்தியர், ஐம்பது வயதிருக்கும். கையில் நீள நோட்டு. சட்டைப் பையில் இரண்டு பேனா! நான் திடுக்கிட்டுப் போனேன். அவர் யாரையும் அதட்டவில்லை, எங்கும் ஓடவுமில்லை. ஆனால் அவரைத் தேடி ஆள் வந்துகொண்டே இருந்தது. குளிருக்குக் கம்பளி வேண்டும் என்று ஒருவர். கதாநாயகியின் வேன் சேற்றில் இறங்கிவிட்டது என்று ஒருவர். கூட்டத்துக்கு வந்த கிழவி ஒருத்திக்கு மயக்கம் என்று ஒருவர். கேட்டுவிட்டு நோட்டில் ஒரு வரி எழுதுவார், ஒரு பையனைக் கூப்பிடுவார். அவ்வளவுதான். அடுத்த கால் மணியில் கம்பளி வந்திருக்கும், வேன் மேலேறியிருக்கும், கிழவி கையில் சூடான பால் இருக்கும்.

மூன்று மணி இருபது நிமிஷத்துக்கு டைரக்டர் கிரேனை உயர்த்தி இன்னும் ஒரு ஷாட் எடுக்க வேண்டும் என்றார். மானேஜர் என்னிடம் வந்து தாழ்ந்த குரலில், "சாஹேப், இருபது நிமிஷம் கிடைக்குமா?" என்று ஹிந்தியில் கேட்டார். நேரம் என்னுடையதன்று, கண்ட்ரோலருடையது. அடுத்த சரக்கு வண்டி காத்திருக்கிறது என்றேன். "சரி" என்று தலையசைத்தார். மறுபேச்சுப் பேசவில்லை, பணத்தாசை காட்டவில்லை. நேரே டைரக்டரிடம் போனார். அங்கே அவர் சொன்னது என் காதில் விழுந்தது. "ரெயில்வேயில் கேட்கவே இல்லை. முன்கூட்டியே கேட்டு வைத்திருக்க வேண்டும். என் தப்பு" என்றார். நூற்றிருபது பேர் பார்க்க, மகன் வயதுள்ள அந்த டைரக்டர் அவரைப் பேசிய பேச்சை நான் இங்கே எழுத முடியாது. அவர் நோட்டை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். பேச்சு ஓய்ந்ததும் விளக்குக்காரர்களைப் பார்த்துக் கையை மேலிருந்து கீழாக இறக்கிக் காட்டினார். கிரேன் தாழ்ந்தது. மணி 3.27. என் பதிவேட்டில் குறித்துக்கொண்டேன்.

கேட்டும் கிடைக்கவில்லை என்று உண்மையைச் சொல்லியிருந்தால், டைரக்டர் நேரே என்னிடம் வந்திருப்பார், பேச்சு வளர்ந்திருக்கும், மேலதிகாரிகளுக்குத் தொலைபேசி பறந்திருக்கும். அதற்குள் கிரேன் யாராலோ உயர்த்தப்பட்டும் இருக்கலாம். அதன் பிறகு இரண்டு மாதங்கள்தாம் ஆயின. 2020 பிப்ரவரி 19 இரவு, சென்னைக்கு அருகே ஒரு படப்பிடிப்புத் தளத்தில் கிரேன் சரிந்து மூவர் மாண்டார்கள். மூவரில் ஒருவரும் திரையில் தோன்றுபவர் அல்லர். செய்தியைப் படித்தபோது அந்த மராத்தியர் கையை இறக்கிக் காட்டியது எனக்கு நினைவுக்கு வந்தது.

யார்டுக்குத் திரும்புகிறேன். விளக்குகள் அணைந்ததும் ஒரு தகரப் பெட்டியின் மேல் அவர் உட்கார்ந்தார். பக்கத்தில் ஒரு பையன் கவர்களை எடுத்துக் கொடுத்தான். நம் ஊரில் பேட்டா என்பதை இங்கே "கன்வேயன்ஸ்" என்கிறார்கள். ஒவ்வொருவராக வந்து கையெழுத்திட்டு வாங்கிக்கொண்டு போனார்கள். ஒவ்வொருவர் பெயரையும் அவர் சொல்லிக் கூப்பிட்டார். நோட்டைப் பார்த்துக் கூப்பிடவில்லை. வரிசையின் கடைசியில் பதினெட்டு வயதுப் பையன் ஒருவன் நின்றான். அன்றைக்குத்தான் புதிதாக வந்தவன் போலும். கவர் தீர்ந்துவிட்டிருந்தது. கணக்கில் ஓர் ஆள் பிசகு. பையன் ஒன்றும் கேட்கவில்லை. கேட்கத் தெரியாமல் நின்றான். மானேஜர் அவனை ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு தம் பின்பையிலிருந்து பர்ஸை எடுத்து, நோட்டுக்களை இரண்டு தடவை எண்ணிக் கொடுத்தார்.

எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. என் மனக்குறை அன்றோடு தீர்ந்துவிட்டது என்று எழுதினால் அது பொய்யாகும். பாலிடெக்னிக் முடித்து மேலேறிய பள்ளித் தோழர்களைப் பார்க்கும்போது இன்றும் உள்ளே ஏதோ குத்துகிறது. ஆயினும் அடுக்களையில் அன்று காலை என் பெற்றோர் பேசிக்கொண்டது பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் அந்த யார்டில் வேறு மாதிரியாகக் கேட்டது.

விடிந்ததும் முதல் லோகலைப் பிடித்துக் கல்யாணில் இறங்கி, குவார்ட்டர்சுக்குப் போகாமல் பிளாட்பார பெஞ்சியிலேயே உட்கார்ந்து சென்னைக்குத் தொலைபேசியில் கூப்பிட்டேன். நானாகத் தகப்பனாரைக் கூப்பிடுவது அரிது. "உடம்புக்கு என்ன?" என்று பதறினார். ஒன்றுமில்லை என்று சொல்லி இரவு நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னேன். டைரக்டர் பேசிய பேச்சைச் சொன்னபோது அவர் ஒன்றும் சொல்லவில்லை. அவருக்கு அதில் புதுமை இருந்திருக்காது. வேறு விஷயங்களைத்தான் கேட்டார்.

"சாப்பாடு எத்தனை மணிக்குப் போட்டான்?"

"பதினொன்றரைக்கு, அப்பா."

"வேலைக்கு முன்னாலேயே முடித்துவிட்டானா. சரி. மூன்று மணிக்குத் தேநீர் வந்ததா?"

"வந்தது."

"உனக்கு?"

"எனக்கும், கேட்மேனுக்கும், கான்ஸ்டேபிளுக்கும்கூட."

"தொழில் தெரிந்தவன்" என்றார். சற்றுப் பொறுத்து, "அந்தக் கடைசிப் பையனுக்குத் தன் கைப்பணம் கொடுத்தான் என்றாயே, கையெழுத்து வாங்கினானா?" என்று கேட்டார்.

"வாங்கினார், அப்பா. நோட்டில் தனியாக ஒரு வரி எழுதி வாங்கினார்."

மறுமுனையில் சிறிது நேரம் பேச்சில்லை. பின்னால் தாயார் ஏதோ கேட்பது காதில் விழுந்தது. "ரேஷன் கடையில் பருப்பு வந்திருக்கிறதாம். கூட்டம் சேருமுன் போக வேண்டும்" என்று சொல்லி வைத்துவிட்டார்.